முட்டி போடுவதா, கோட்டைத் தாண்டி நிற்பதா?

டிசம்பர் கால்பந்து டோர்னமெண்டுக்கு நம்ம டீம் பெயர் கொடுப்பதா வேண்டாமா, கொடுத்தால் போன வருஷம் நம்ம பையனை நிறத்தைச் சொல்லி ஏசியதற்கு எதிர்ப்பாகக் கிரௌண்டில் இறங்கி என்ன செய்வது என்று கிளப்பில் தினமும் ஒரே சண்டை. ஆளுக்கொரு வீடியோவைக் காட்டுகிறார்கள். ஒருவன் அமெரிக்காக்காரர் முட்டி போட்டதைக் காட்டுகிறான், இன்னொருவன் மிலான் டீம் மொத்தமாக வெளியே நடந்ததைக் காட்டுகிறான், மூன்றாமவன் கையில் கருப்புத் துணி கட்டினால் போதும், அதற்கு மேல் போனால் ஊர்ச்சண்டை ஆகிவிடும் என்கிறான். வீடியோவில் எல்லாமே நன்றாகத்தான் இருக்கும். அதற்கு முன்னால் என்ன நடந்தது, பின்னால் யார் தலையில் விடிந்தது என்பதெல்லாம் முப்பது விநாடிக்குள் வராது. அதனால் ஒவ்வொன்றையும் எடுத்து வைத்து, கன்னியாகுமரி மாவட்டத்தில் ஒரு கடற்கரை ஊர் டீமுக்கு எது ஒத்துவரும் என்று எழுதிப் பார்க்கிறேன்.

போன வருஷம் நடந்தது எல்லோருக்கும் தெரியாது, சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். இதே டோர்னமெண்ட், உள்நாட்டுப் பக்கம் ஒரு ஊரில் செமிஃபைனல். நம்ம லெஃப்ட் விங் பையன் காலுக்குப் பந்து வரும்போதெல்லாம் ஒரு மூலையிலிருந்து ‘கருவாடு, கருவாடு’ என்று கத்தல். நிறத்துக்கும் கடப்புறத்தான் என்பதற்கும் சேர்த்து ஒரே வசவு. இரண்டாவது பாதியில் அவன் கார்னர் எடுக்கப் போனபோது காலடியில் நிஜமாகவே ஒரு கருவாட்டைத் தூக்கி எறிந்தார்கள். நல்ல வாளைக் கருவாடு, விலை தெரியாத பயல்கள். ரெஃப்ரி அதைக் காலால் ஓரம் தள்ளிவிட்டு விசில் ஊதினார். மைக்கில் கமெண்டரி சொன்னவர் சிரித்துக்கொண்டே அதையும் ஒரு ஜோக்காக்கினார். பையனுக்குப் பொறுக்காமல் போனது அந்தச் சிரிப்புதான். கத்தியது பத்துப் பதினைந்து பேர், மைக் கேட்டது ஊர் முழுக்க.

என்ன செய்யலாம் என்று அவனிடம் கேட்டோம். எதை வேண்டுமானாலும் செய்யுங்கள், என் பெயரை மட்டும் மைக்கிலோ நோட்டீசிலோ சொல்லாதீர்கள் என்றான். அவன் அம்மா மீன் கொண்டுபோய் விற்பது அந்த ஊர்ச் சந்தையில்தான். இதைக் கேட்ட பிறகும் ‘பெரிசாகப் பண்ணணும்’ என்று குதிக்கிறவர்கள் கொஞ்சம் நிதானிக்க வேண்டும். எந்த வழியை எடுத்தாலும் அதன் செலவு ஒருத்தன் வீட்டு அடுப்பில் போய் விழக்கூடாது. நாம் கேட்பதைக் கொடுக்கக்கூடிய ஒரு ஆள் அந்தக் கிரௌண்டிலேயே இருக்கவும் வேண்டும், இல்லாவிட்டால் அது வெறும் போட்டோ.

சரி, முட்டி போடுவதிலிருந்து தொடங்கலாம், அதற்குத்தான் ஆதரவு அதிகம்.

இது எங்கிருந்து வந்தது என்று பார்த்தால்தான் நமக்குப் பொருந்துமா என்று தெரியும். 2016 ஆகஸ்டில் கோலின் கேப்பர்னிக் என்ற அமெரிக்கன் ஃபுட்பால் வீரர் (நம்ம கால்பந்து இல்லை, பந்தைக் கையில் தூக்கிக்கொண்டு ஓடும் ஆட்டம்), கறுப்பின மக்கள் போலீசால் கொல்லப்படுவதைக் கண்டித்து, தேசிய கீதம் பாடும்போது எழாமல் பெஞ்சில் உட்கார்ந்தார். பெரிய எதிர்ப்பு. அப்போது நேட் பாயர் என்ற முன்னாள் ராணுவ வீரர் அவரைச் சந்தித்துப் பேசி, உட்காருவதற்குப் பதில் ஒரு முழங்காலை ஊன்றலாம், இறந்துபோன தோழனின் கல்லறை முன்னால் ராணுவத்தார் அப்படித்தான் மரியாதை செய்வார்கள் என்றார். செப்டம்பர் 1 அன்று சான் டியாகோவில் கேப்பர்னிக் முட்டி போட்டார். அந்த ஊர்க்காரர்களுக்கு அந்த அசைவுக்குள் மரியாதையும் எதிர்ப்பும் சேர்ந்தே தெரிந்தது, அதனால்தான் அது அவ்வளவு தூரம் போனது. அவருக்கு என்ன கிடைத்தது? அந்த சீசனுக்குப் பிறகு ஒரு டீமும் அவரைச் சேர்த்துக்கொள்ளவில்லை. லீக் கூட்டுச் சேர்ந்து ஒதுக்கியது என்று வழக்காடி, 2019இல் சமரசத் தொகை வாங்கினார், ஆனால் விளையாட்டு போனது போனதுதான்.

அப்புறம் 2020இல் அமெரிக்காவில் ஜார்ஜ் ஃபிளாய்ட் என்ற கறுப்பினத்தவரைப் போலீஸ்காரர் கொன்ற பிறகு இங்கிலாந்து பிரீமியர் லீக்கில் ஜூன் 17 முதல் ஒவ்வொரு ஆட்டத்துக்கும் எல்லோரும் முட்டி போட்டார்கள். அங்கேதான் இன்னொரு பக்கம் தெரிய வந்தது. குயின்ஸ் பார்க் ரேஞ்சர்ஸ் கிளப்பின் இயக்குநர் லெஸ் ஃபெர்டினாண்ட், அவரே கறுப்பினத்தவர், கொஞ்ச நாளிலேயே இதன் வேகம் நீர்த்துவிட்டது என்று சொல்லிவிட்டார். கிரிஸ்டல் பேலஸின் வில்ஃபிரிட் ஸாஹா 2021இல் முட்டி போடுவதை நிறுத்தி நின்றார், நிமிர்ந்து நிற்கத்தான் தன் பெற்றோர் கற்றுக்கொடுத்தார்கள் என்று காரணம் சொன்னார். 2022 வாக்கில் கேப்டன்கள் கூடிப் பேசி, குறிப்பிட்ட சில ஆட்டங்களுக்கு மட்டும் போதும் என்று குறைத்துக்கொண்டார்கள்.

நம்ம நாட்டு டீமும் போட்டது. 2021 அக்டோபர் 24, துபாய், பாகிஸ்தானுக்கு எதிரான டி20 உலகக் கோப்பை ஆட்டம். கோலி டீம் முட்டி போட்டது, அவர்கள் நெஞ்சில் கை வைத்து நின்றார்கள். நிர்வாகம் சொன்னது, செய்தோம் என்கிற மாதிரிதான் கோலி பிறகு விளக்கினார். இதில் எனக்கு இடிக்கிற இடம் வேறு. அதே வருஷம் ஆகஸ்டில்தான் டோக்கியோ ஒலிம்பிக்கில் இந்தியப் பெண்கள் ஹாக்கி டீம் அரையிறுதியில் அர்ஜென்டினாவிடம் தோற்றதும், ஹரித்வார் பக்கம் வந்தனா கட்டாரியா வீட்டு வாசலில் வெடி வெடித்து, டீமில் தலித்துகள் அதிகமாகிவிட்டார்கள், அதனால்தான் தோற்றது என்று ஏசினார்கள். தென்னாப்பிரிக்காவுக்கு எதிராக ஹாட்ரிக் அடித்து, ஒலிம்பிக்கில் அதைச் செய்த முதல் இந்தியப் பெண் ஆனவர் அவர். அவருக்காக எந்த கிரிக்கெட் டீம் முட்டி போட்டது? தூரத்து அநியாயத்துக்கு முட்டி போடுவது ரொம்ப சுலபம்.

துபாயிலேயே இரண்டு நாள் கழித்து இன்னொன்றும் நடந்தது. தென்னாப்பிரிக்க வாரியம், கட்டாயம் எல்லோரும் முட்டி போடணும் என்று ஆட்டத்தன்று உத்தரவு போட, குவின்டன் டி காக் ஆடவே இல்லை. பிறகு மன்னிப்புக் கேட்டு, அடுத்த ஆட்டங்களில் போட்டார். உத்தரவு போட்டு வாங்கும் எதிர்ப்புக்கு என்ன மதிப்பு என்று நம்ம கேப்டன் யோசிக்கட்டும், ‘போடாதவன் டீமில் இல்லை’ என்று போன வாரம் அவர் சொன்னது எனக்குப் பிடிக்கவில்லை.

ஆனால் நான் முட்டி வேண்டாம் என்பதற்கு முக்கியக் காரணம் நம்ம மண்தான். நம்ம ஊரில் முட்டி போட்டால் பார்க்கிறவனுக்கு இரண்டுதான் ஞாபகம் வரும், ஒன்று பள்ளிக்கூடத்தில் வீட்டுப்பாடம் எழுதாததற்கு வாத்தியார் கொடுத்த தண்டனை, இன்னொன்று கோயிலில் நற்கருணை நேரம். வந்து ஜெபம் பண்ணுகிறார்கள் என்று அந்த மூலையிலிருந்தே கைதட்டுவான். உடம்பால் எதிர்ப்புக் காட்டுவது இந்த மாவட்டத்துக்குப் புதிதா என்ன? சாமிதோப்பில் அய்யா வைகுண்டர், குனிந்தே நடக்க வைக்கப்பட்ட மக்களிடம் தலைப்பாகை கட்டு என்றார், இன்றைக்கும் அங்கே ஆண்கள் தலைப்பாகையோடுதான் பதி என்கிற வழிபாட்டு இடத்துக்குள் போகிறார்கள். தோள்சீலைக்காக அரை நூற்றாண்டு அடிபட்டதும் இங்கேதான். 1859 ஜூலையில் திருவிதாங்கூர் ராஜா கடைசியாக இறங்கிவந்து போட்ட அறிவிப்பைப் படித்தால் ஒரு விஷயம் கண்ணில் படும், நாடார் பெண்கள் மீனவப் பெண்கள் கட்டுகிற மாதிரி முரட்டுத் துணியால் மறைத்துக்கொள்ளலாம், மேல்சாதிப் பெண்கள் மாதிரி மட்டும் கூடாது என்கிறது அது. அன்றைக்கு ராஜா கண்ணுக்குக் கடற்கரையும் உள்நாடும் ஒரே தட்டுதான், இப்போது ஒருத்தனை ஒருத்தன் கருவாடு என்கிறோம். இந்தக் கதை அந்த ஊர்ப் பெரியவர்களுக்கு நம்மைவிட நன்றாகத் தெரியும், கடிதம் எழுதும்போது இது உதவும். ஆக, நிமிர்வதற்குப் போராடிய ஊரில் நின்று காட்டுவதுதான் சட்டென்று புரியும் என்பது என் கட்சி.

கருப்புத் துணிக்கு நேரம் அதிகம் செலவழிக்க வேண்டாம். நம்ம மாவட்டத்தில் ஆசிரியர்கள், வக்கீல்கள், ஊழியர் சங்கங்கள் என்று எல்லோரும் எல்லாவற்றுக்கும் கருப்பு பேட்ஜ் குத்தியாகிவிட்டது. கிரௌண்டில் கையில் கருப்புத் துணியோடு இறங்கினால் ‘யாரு மக்கா இறந்தது?’ என்றுதான் கேட்பார்கள். 2003 பிப்ரவரி 10 அன்று ஹராரேயில் ஜிம்பாப்வே கிரிக்கெட் வீரர்கள் ஹென்றி ஒலங்காவும் ஆண்டி ஃபிளவரும் கருப்புப் பட்டை கட்டி உலகக் கோப்பை ஆட்டம் ஆடியது எடுபட்டது என்றால், அதற்குக் காரணம் ஜிம்பாப்வேயில் ஜனநாயகம் செத்துவிட்டது, அதற்குத் துக்கம் என்று ஒரு அறிக்கையைப் பத்திரிகைக்காரர்கள் கையில் முன்னாலேயே கொடுத்திருந்தார்கள். பேசியது அறிக்கைதான். ஒருவர் கறுப்பர், ஒருவர் வெள்ளையர் என்பதும் சேர்ந்து பேசியது. இரண்டு பேருமே பிறகு நாட்டை விட்டுப் போனார்கள் என்பதையும் சொல்லிவிட வேண்டும். அதற்கும் முன்னால், 1969இல் அமெரிக்காவின் வயோமிங் பல்கலைக்கழகத்தில் 14 கறுப்பின வீரர்கள் கருப்புப் பட்டை கட்டிக்கொண்டு, ஆட்டத்தில் இப்படி ஆடலாமா என்று கோச்சிடம் பேசப் போனார்கள். பேச்சே இல்லை, 14 பேரையும் டீமிலிருந்து அங்கேயே தூக்கினார். ஒரு துணிக்காக.

அடுத்தது, ‘முதல்ல கோப்பையை ஜெயிப்போம், பரிசளிப்பு மேடையில் காட்டுவோம்’ என்கிற கட்சி. இதற்கு மெக்சிகோ 1968 போட்டோதான் ஆதாரம், கிளப் சுவரில் ஒட்டி வைத்திருக்கிறோமே அதுதான். அக்டோபர் 16, 200 மீட்டர். டாமி ஸ்மித் 19.83 விநாடியில் உலக சாதனையோடு தங்கம், ஜான் கார்லோஸ் வெண்கலம். காலில் ஷூ இல்லை, கருப்பு சாக்ஸ் மட்டும், அது வறுமைக்கு. கார்லோஸ் கழுத்தில் மணி, அது தூக்கிலிட்டுக் கொல்லப்பட்டவர்களுக்கு. கார்லோஸ் தன் கையுறையை மறந்துவிட்டு வந்ததால், ஒரே ஜோடியை ஆளுக்கொன்றாகப் போட்டுக்கொள்ளுங்கள் என்று யோசனை சொன்னது வெள்ளி வாங்கிய பீட்டர் நார்மன், ஆஸ்திரேலிய வெள்ளையர். அதனால்தான் ஒருவருக்கு வலது கை, ஒருவருக்கு இடது கை. நார்மனும் அதே மனித உரிமை பேட்ஜைச் சட்டையில் குத்திக்கொண்டு நின்றார். ஸ்மித்தையும் கார்லோசையும் ஒலிம்பிக் கிராமத்தை விட்டே வெளியேற்றினார்கள். நார்மன் 1972 ஒலிம்பிக்குக்குப் போகவில்லை, அவர் ஓடிய 20.06 அரை நூற்றாண்டுக்கு மேல் ஆஸ்திரேலிய சாதனையாக நின்றது. 2006இல் அவர் இறந்தபோது சவப்பெட்டியைச் சுமந்தவர்களில் ஸ்மித்தும் கார்லோசும் உண்டு. ஆஸ்திரேலியப் பாராளுமன்றம் மன்னிப்புக் கேட்டது 2012இல், செத்து ஆறு வருஷம் கழித்து.

எனக்கு இந்தப் போட்டோவில் கண் போவது நார்மனிடம்தான். நம்ம டோர்னமெண்டில் அந்த இடத்தில் நிற்க உள்நாட்டு டீமிலிருந்து ஒரு பையன் கிடைத்தால், நாம் பதினொரு பேர் செய்வதைவிட அது பெரிது. கிடைப்பானா என்று கேட்கலாம், அவர்கள் கோல்கீப்பர் நம்ம பையனோடு ஒரே காலேஜ், கேட்டுப் பார்த்தால் என்ன குறைந்துவிடும்?

ஆனால் மேடைக் கட்சியில் ஓட்டை ஒன்று இருக்கிறது, ஜெயிக்கணும். டென்னிஸ் வீராங்கனை நவோமி ஒசாகா 2020 யுஎஸ் ஓபனுக்கு, கொல்லப்பட்ட கறுப்பின மக்களின் பெயர் எழுதிய ஏழு முகக்கவசம் கொண்டுபோனார், ஏழு சுற்றுக்கு ஏழு. ஏழையும் காட்டணும் என்றால் ஃபைனல் வரை போகணும், போனார், கோப்பையும் வாங்கினார். அது ஒசாகா. நாம் போன தடவை ஃபைனலுக்கே போகவில்லை. காலிறுதியில் டைபிரேக்கரில் போய்விட்டால் நம்ம எதிர்ப்பும் பையோடு வேனில் ஏறிவிடும்.

போகவே வேண்டாம், புறக்கணிப்போம் என்பது இன்னொரு பெரிய கட்சி. இதில் நியாயம் இருக்கிறது, சரித்திரமும் இருக்கிறது. நாகர்கோவிலில் பிறந்த டென்னிஸ் வீரர் ராமநாதன் கிருஷ்ணன் 1966இல் இந்தியாவை டேவிஸ் கோப்பை ஃபைனல் வரை கொண்டுபோனார், ஆஸ்திரேலியாவிடம் தோற்றோம். அடுத்த ஃபைனல் 1974இல் வந்தது, விஜய் அமிர்தராஜும் ஆனந்தும் நல்ல ஃபார்மில் இருந்த நேரம், எதிரே நிறவெறி அரசு நடத்திய தென்னாப்பிரிக்கா. இந்தியா ஆட மறுத்தது. கோப்பை ஆடாமலே தென்னாப்பிரிக்காவுக்குப் போனது. இன்றைக்கு அதை நினைத்துப் பெருமைப்படுகிறோம், சரிதான். ஆனால் அது ஒரு நாடு செய்தது, கூடவே உலகம் முழுக்க அந்த நாட்டை ஒவ்வொரு விளையாட்டிலிருந்தும் தள்ளிவைத்துக்கொண்டிருந்தார்கள், கிரிக்கெட்டில் 1970க்குப் பிறகு இருபது வருஷத்துக்கு மேல் டெஸ்ட் கிடையாது. சேர்ந்து அழுத்தியதால் வலித்தது. நாம் ஒரு டீம் போகாவிட்டால் கமிட்டி அடுத்த டீமுக்கு போன் போடும், அவ்வளவுதான். ஏன் வரவில்லை என்றுகூட மைக்கில் சொல்ல மாட்டார்கள்.

புறக்கணிப்பு வேலை செய்த இடங்களைப் பார்த்தால், இவர்கள் இல்லாமல் ஆட்டமே நடக்காது என்கிற நிலை அங்கே இருந்திருக்கிறது. பம்பாய் கிரிக்கெட்டில் மதவாரியாக டீம் பிரித்து ஆடிய காலம், பல்வங்கர் சகோதரர்கள் தலித் வீட்டுப் பிள்ளைகள், இந்து டீமின் தூண்கள். மூத்தவர் பாலு 1911இல் இங்கிலாந்து போய் விக்கெட்டாக அள்ளியவர், அப்படியும் ஆரம்ப காலத்தில் புனாவில் அவருக்கு டீ வெளியே தனியாக மண் கோப்பையில்தான். 1920இல் பாலுவை டீமில் எடுக்காமல், தம்பி விட்டலுக்கும் கேப்டன் பதவி தராமல் விட்டபோது தம்பிகள் வெளியேறி, காரணத்தை அறிக்கையாகவே எழுதினார்கள். 1923இல் விட்டல் கேப்டன். இன்னும் வேகமாக நடந்தது அமெரிக்காவில் மிசூரி பல்கலைக்கழகத்தில். 2015 நவம்பரில் வளாகத்து நிறவெறியைக் கண்டுகொள்ளாத தலைவர் பதவி விலகும்வரை ஆடமாட்டோம் என்று முப்பதுக்கும் மேற்பட்ட கறுப்பின வீரர்கள் சொன்னார்கள், கோச்சும் கூட நின்றார். அந்த வாரத்து ஆட்டத்தைக் கைவிட்டால் பத்து லட்சம் டாலர் அபராதம். இரண்டே நாளில் தலைவர் விலகினார். ஒரே கோரிக்கை, ஒரே தேதி, கொடுக்கக்கூடிய ஆள் யார் என்று எல்லோருக்கும் தெரியும். நமக்கும் இது தெரியாததில்லை, ஒக்கிப் புயலுக்குப் பிறகு 2017 டிசம்பரில் குழித்துறை ஸ்டேஷனில் ஜனம் தண்டவாளத்தில் உட்கார்ந்தபோது காணாமல்போனவர்களைத் தேடு, முதலமைச்சர் நேரில் வரணும் என்று கேட்டது, வந்தார்கள்.

இப்போது ஆட்டத்தின் நடுவே வெளியேறுவது. 2013 ஜனவரி 3, இத்தாலியில் ப்ரோ பாட்ரியா என்ற சின்னக் கிளப்போடு ஏசி மிலானின் நட்பு ஆட்டம். ஒரு பகுதியிலிருந்து குரங்குச் சத்தம். 26வது நிமிஷம் கெவின் பிரின்ஸ் போட்டெங் பந்தைக் கையில் எடுத்து அந்தக் கூட்டத்தைப் பார்த்து உதைத்துவிட்டு நடந்தார், பின்னாலேயே முழு டீமும். ஆட்டம் அதோடு முடிந்தது. இதற்கு 7 வருஷம் முன்னால், 2006இல், ஸ்பெயினில் சாமுவேல் எட்டோ இதே மாதிரி வெளியேறப் போனபோது கூட ஆடியவர்களும் ரெஃப்ரியும் கையைப் பிடித்து நிறுத்தி ஆட வைத்தார்கள். வித்தியாசம் தைரியத்தில் இல்லை, பின்னால் வந்த பத்துப் பேரில்.

இன்னும் சுத்தமாக நடந்தது 2020 டிசம்பர் 8, பாரிஸ். இஸ்தான்புல் டீமின் உதவிப் பயிற்சியாளரை நாலாவது நடுவர் நிறத்தைச் சொல்லிக் குறிப்பிட்டார் என்று கிளம்பி, இரண்டு டீமும் சேர்ந்தே வெளியே வந்தன. மறுநாள் வேறு நடுவர்களோடு, விட்ட இடத்திலிருந்து ஆடினார்கள். ஆட்டமும் போகவில்லை, புள்ளியும் போகவில்லை, நடுவர்தான் போனார்.

நம்ம சிக்கல் இதுதான்: மொத்தமாக வெளியேறினால் எதிர் டீமுக்கு வாக்ஓவர், நுழைவுக் கட்டணம் போச்சு, கத்தினவனுக்கு வெற்றி. அடுத்த வருஷமும் கத்துவான், வழி தெரிந்துவிட்டதே. அதனால் வெளியே வருவது, ஆனால் போய்விடாமல் இருப்பது. இதற்கு ஃபிஃபாவிலேயே ஏற்பாடு இருக்கிறது. மூன்று படி: முதலில் ஆட்டத்தை நிறுத்தி அறிவிப்பு, தொடர்ந்தால் வீரர்களை உள்ளே அனுப்பிக் கொஞ்ச நேரம் இடைநிறுத்தம், அப்படியும் தொடர்ந்தால் ஆட்டத்தைக் கைவிடுவது. 2024 மே மாதம் பாங்காக் மாநாட்டில் ஒரு சைகையும் சேர்த்தார்கள், வீரர் இரண்டு மணிக்கட்டையும் குறுக்காக வைத்துக் காட்டினால், இனவெறி வசவு என்று ரெஃப்ரிக்குப் பொருள். நம்ம ரெஃப்ரிகளில் பலர் முறையாகப் பரீட்சை எழுதினவர்கள், இது அவர்களுக்குப் புதிதல்ல. ஊர் டோர்னமெண்டை இது கட்டுப்படுத்தாது, கமிட்டி எழுதி ஏற்றுக்கொண்டால்தான் உண்டு. அதனால்தான் கடிதம்.

நடுவரிடம் போய்ச் சொல்வது கோழைத்தனம் என்கிறவர்கள் சிட்னி 2021ஐப் பார்க்கட்டும். எல்லைக் கோட்டில் நின்ற சிராஜை ஏசினார்கள், அவர் ரஹானேயிடம் போனார், ரஹானே நடுவரிடம் போனார், ஆட்டம் நின்றது, ஆறு பேரை எழுப்பி வெளியே அனுப்பினார்கள், ஆட்டம் தொடர்ந்தது. அந்த டெஸ்டை அஸ்வினும் விஹாரியும் நின்று டிரா செய்ததைத்தான் இன்றைக்கும் பேசுகிறோம். புகார் கொடுத்தவன் தனியாக நிற்கவில்லை, கேப்டன் முன்னால் நின்றார். அதே ஆஸ்திரேலியாவில், அவர்கள் நாட்டுக் கால்பந்து லீக்கில், ஆடம் குட்ஸ் என்ற பழங்குடி வீரர் 2013இல் தன்னை ஏசிய ஒரு சிறுமியைத் தானே கை நீட்டிக் காட்டினார். அதற்குப் பிறகு 2015இல் ஓய்வு பெறும்வரை மைதானம் மைதானமாக அவரைக் கூட்டம் ஊளையிட்டது. இத்தனைக்கும் அந்த லீக் 1995லேயே இனவசவுக்கு எதிராகத் தனி விதி போட்டது. விதி இருந்தும் ஒருத்தர் தனியாக மாட்டிக்கொண்டார். நம்ம பையன் பெயர் வரக்கூடாது என்பதற்கு இதைவிடக் காரணம் வேண்டாம்.

போலீஸ் கேஸ்? ரியல் மாட்ரிட்டின் கறுப்பின வீரர் வினிசியஸை வலென்சியா மைதானத்தில் ஏசிய மூன்று பேருக்கு 2024இல் ஸ்பெயின் நீதிமன்றம் எட்டு மாதச் சிறை விதித்தது, அங்கே கால்பந்து மைதானத்து இனவெறிக்கு அதுதான் முதல் தண்டனை. அதற்கு ஒரு வருஷம் ஆனது, பின்னால் ரியல் மாட்ரிட்டின் வக்கீல்கள் இருந்தார்கள். நமக்குப் பின்னால் கிளப் உண்டியல் இருக்கிறது. கல்லெறி, கைகலப்பு என்று போனால் மட்டும் போலீஸ். வாட்ஸ்அப் ஸ்டேட்டஸ் போட்டு ஏசுவது பற்றி எழுதவே போவதில்லை, கிரிக்கெட் வீரர் அபினவ் முகுந்த் 2017இல் தன் நிறத்தைப் பற்றி எழுதியது மாதிரி சொந்தப் பெயரில் நிதானமாக எழுத முடிந்தவன் எழுதட்டும்.

ஆக நான் சொல்வது இது. பெயர் கொடுப்போம், கூடவே ஒரு பக்கக் கடிதம், கிளப் லெட்டர்ஹெட்டில். அதில் நடந்தது நாலு வரி, ஆள் பெயர் இல்லாமல். கேட்பது: மூன்று படி விதியை டோர்னமெண்ட் விதியில் சேர்க்கணும், ஆட்டம் தொடங்கும் முன்னால் மைக்கில் அதை வாசிக்கணும், நிறம், சாதி, கடற்கரை என்று வசவு வந்தால் அதே மைக்கில் அந்த நிமிஷமே கண்டிக்கணும். கமெண்டரிக்காரருக்கும் இது பொருந்தும். கடிதத்தை எடுத்துக்கொண்டு போக வேண்டியது பையன்கள் இல்லை, ஊர் கமிட்டியில் இரண்டு பெரியவர்கள், முடிந்தால் பங்குச் சாமியார். கிரௌண்டில் கேட்டால், கேப்டன் மணிக்கட்டைக் குறுக்கே காட்டி ரெஃப்ரியிடம் போவார், மற்ற பத்துப் பேரும் நடந்துபோய் டச் லைனுக்கு வெளியே வரிசையாக நிற்பது, ரெஃப்ரியிடம் சொல்லிவிட்டு. உட்காரக்கூடாது, முட்டியும் போடக்கூடாது, கத்தக்கூடாது. மைக்கில் அறிவிப்பு வந்ததும் உள்ளே வருவது. வரவில்லை என்றால் எவ்வளவு நேரம் நிற்பது என்று கேட்கிறீர்கள், ரெஃப்ரி வாக்ஓவர் என்று எச்சரிக்கும்வரை. அப்போது திரும்பி வருவதா, கோப்பையை விடுவதா என்பதை அன்றைக்கு உணர்ச்சியில் முடிவு செய்ய முடியாது, இப்போதே கூடிப் பேசி வையுங்கள். நான் கேட்டால் விடலாம் என்பேன், கடிதம் கொடுத்து அவர்கள் கையெழுத்தும் போட்ட பிறகு நாம் வெளியேறினால் பதில் சொல்ல வேண்டியது கமிட்டி.

கடிதத்தில் இன்னொரு வரியும் வேணும், இதற்குத்தான் கிளப்பில் முகம் கோணும். நம்ம சப்போர்ட்டர்கள் கத்தினாலும் இதே விதி. கேரளாவில் மலப்புறம் பக்கம் செவன்ஸ் (ஏழு பேர் கால்பந்து) ஆட வரும் ஆப்பிரிக்கர்களை, எந்த நாடாக இருந்தாலும் ‘சுடானி’ என்பார்கள், 2024 மார்ச்சில் அரீக்கோட்டில் ஐவரி கோஸ்ட்காரர் ஒருவரைப் பார்வையாளர்கள் துரத்தி அடித்து, நிறத்தைச் சொல்லி ஏசினார்கள் என்று அவர் போலீசுக்குப் போனார். நம்ம கடற்கரை டோர்னமெண்டுகளுக்கும் வெளிநாட்டு ஆட்டக்காரர்கள் கூலிக்கு வருகிறார்கள், அவர்களைப் பார்த்து நம்ம கரையிலிருந்து வருகிற சத்தம் என்ன என்று எல்லோருக்கும் தெரியும். செல்லமாகச் சொன்னோம் என்று யாரும் வர வேண்டாம். வெஸ்ட் இண்டீஸ் கிரிக்கெட் வீரர் டேரன் சாமிக்கு ஐபிஎல் ஹைதராபாத் டீமில் ‘காலு’ (கருப்பன்) என்று பெயர் வைத்ததும் செல்லமாகத்தான், அதற்கு அர்த்தம் என்ன என்று 2020இல் தெரிந்தபோது மனுஷன் எவ்வளவு கொதித்தார்.

கடைசியாக, நம்ம சென்டர் ஃபார்வர்ட் கேட்டது. 1993இல் மெல்போர்னில் நிக்கி வின்மார் என்ற பழங்குடி வீரர் ஆட்டம் முடிந்ததும் தன்னை ஏசிய கூட்டத்தைப் பார்த்து ஜெர்சியைத் தூக்கித் தன் கறுப்பு வயிற்றை விரலால் தொட்டுக் காட்டினாரே, அதை நான் செய்யலாமா என்று. அது உன் உடம்பு தம்பி, அதற்கு கமிட்டியில் ஓட்டெடுப்பு எதற்கு. விதி மட்டும் தெரிந்துகொள், கோல் அடித்துவிட்டு ஜெர்சியைக் கழற்றினாலோ தலைக்கு மேல் மூடினாலோ மஞ்சள் அட்டை நிச்சயம், ஏற்கெனவே ஒன்று வாங்கியிருந்தால் வெளியேதான். வின்மார் மாதிரி கடைசி விசில் வரை பொறுத்துக்கொள். கடிதம் எழுத ஆள் வேணும், கையெழுத்து நன்றாக இருக்கிறவர்கள் ஞாயிறு பூசை முடிந்து கிளப்புக்கு வாருங்கள்.